முதுகு இருபத்திரண்டு மில்லிமீட்டர்

எங்கள் அறை அலமாரியின் மேல், பழுப்புத்தாளில் சுற்றி நைலான் கயிற்றால் கட்டிய இரண்டு கட்டுகள் பதினான்கு மாதங்கள் இருந்தன. ஒவ்வொரு கட்டிலும் இருநூற்றைம்பது அட்டைகள். எல்லாம் என் நாவலுக்காக அடித்தவை. முன்பக்கத்தில் பனி கொட்டும் ஒரு நகரம். பின்பக்கத்தில், மோவாயில் பேனாவை ஊன்றிக்கொண்டு தூரத்தைப் பார்க்கும் நான். இரண்டுக்கும் நடுவில் முதுகு. அதன் அகலம் இருபத்திரண்டு மில்லிமீட்டர்.

அட்டைகள் இருந்தன. உள்ளே வைத்துத் தைக்க நாவல் இல்லை.

நான் ஜார்ஜ்டவுனில் ஓர் அச்சகத்தில் காகிதம் வெட்டும் வேலை செய்கிறேன். கல்யாணப் பத்திரிகை, கோயில் ஆண்டறிக்கை, ரசீதுப் புத்தகம், இறந்தவர்களுக்கு வீட்டார் போடும் நினைவு மலர். இவைதாம் எங்களுக்கு வரும் வேலைகள். எப்போதாவது ஒரு கவிதைத் தொகுப்போ கட்டுரை நூலோ வரும். அப்போது மட்டும், அச்சில் தப்பு விழுந்து கழித்துப்போட்ட தாள்களை எடுத்து வெட்டும் எந்திரத்தின் ஓரமாக நின்று வாசிப்பேன். என் படிப்பு அப்படித்தான் வளர்ந்தது. ஒழுங்கில்லாமல், பாதிப் பாதிப் பக்கமாக.

பள்ளிக்கூடப் படிப்பு என்று பார்த்தால், தமிழ்ப்பள்ளியில் ஆறாம் வகுப்பு. அதற்குமேல் போகிறவர்கள் மலாய் பழகுவதற்காக ஒரு வருடம் புகுமுக வகுப்பில் உட்கார வேண்டும். நான் மூன்று வாரம் உட்கார்ந்தேன். ஒருநாள் ஆசிரியை என்னைப் பார்த்து ஏதோ கேட்டார். எழுந்து நின்றேன். கேள்வி புரியவில்லை. பிறகு உட்காரச் சொல்லியிருக்கிறார். பயத்தில் அது காதில் விழவில்லை. மணி அடிக்கும்வரை நின்றுகொண்டே இருந்தேன். வகுப்பு முழுக்கச் சிரித்தது. அடுத்த வாரம் என் புத்தகப் பை வீட்டில் கிடந்தது. நான் ஒரு பட்டறையில் இரும்புத் தூள் கூட்டிக்கொண்டிருந்தேன்.

இதை இங்கே சொல்லக் காரணம், என் நாவலின் நாயகர் ஒரு பேராசிரியர். நான்கு மொழிகள் அறிந்தவர். ஐரோப்பாவில், நான் பெயர் குறிப்பிடாத ஒரு நகரத்தில், மூன்றாம் மாடியில் தனியாக வசிப்பவர். ஜன்னல் ஓரம் நின்று பனி பெய்வதைப் பார்த்தபடி, மனிதன் ஏன் இருக்கிறான் என்று யோசிப்பவர். நான் பனியைப் பார்த்ததில்லை. ஜெலுத்தோங் பாசாரில் மீன்பெட்டிக்குள் மண்வெட்டியால் அள்ளிக் கொட்டும் ஐஸ் தூளைப் பார்த்திருக்கிறேன். அதை வைத்து ஒரு நகரத்தையே மூடிவிடலாம் என்று நினைத்தேன்.

நாவலுக்கு ‘வெண்பனியின் விளிம்பில் ஒரு பிரக்ஞை’ என்று தலைப்பு வைத்தேன். பிரக்ஞை என்றால் என்ன என்று யாராவது கேட்டால் சொல்வதற்கு ஒரு பதிலை மனப்பாடம் செய்து வைத்திருந்தேன். யாரும் கேட்கவில்லை.

கூச்சப்படுகிறவனுக்குக் கர்வம் இருக்காது என்று பலர் நினைக்கிறார்கள். எனக்கு நிறைய இருந்தது. வெளியே காட்டத் தைரியம் இல்லாததால் அது வீட்டுக்குள்ளேயே சுற்றிச் சுற்றி வந்தது. தாடி வைத்தேன். தோளில் துணிப்பை மாட்டினேன். அச்சகத்தில் நினைவு மலர்களுக்கு இரண்டு வரி எழுதித் தரச் சொல்லி முதலாளி கேட்டால், “அதெல்லாம் இலக்கியம் இல்ல முதலாளி” என்று தரையைப் பார்த்துக்கொண்டு சொல்வேன். மச்சான் மகள் கல்யாணத்துக்குப் போகவில்லை. நாவலுக்குள் இருக்கிறேன் என்று சொல்லி அனுப்பினேன். ஒரு ஞாயிற்றுக்கிழமை என் மனைவி கருவாடு வறுத்தபோது, அந்த வாடையில் பனி பெய்ய மாட்டேனென்கிறது என்று சொல்லி அடுப்பை அணைக்க வைத்தேன். அவள் பாதி வறுத்த கருவாட்டை ஒரு தட்டால் மூடிவைத்தாள்.

என் மனைவி பாயான் லெப்பாஸில் ஒரு மின்னணுத் தொழிற்சாலையில் வேலை செய்கிறாள். காலை ஏழு முதல் மாலை ஏழு வரை நின்றபடி வேலை. நிபோங் திபாலில் வளர்ந்தவள். பக்கத்தில் இருந்தது என்பதால் மலாய்ப் பள்ளியில் போட்டுவிட்டார்கள். தமிழ் பேசுவாள், தமிழில் சண்டை போடுவாள், மாதா கோயிலில் தமிழில் ஜெபம் சொல்வாள். ஆனால் ஓர் எழுத்து வாசிக்கத் தெரியாது. பதினொரு வருடமாக நான் எழுதிக்கொண்டிருப்பது என்ன என்று அவளுக்குத் தெரியாது. எழுதுகிறேன் என்பது மட்டும் தெரியும். அதுவே அவளுக்குப் போதுமானதாக இருந்தது. நான் மத்தியானத்தோடு வீட்டுக்கு வந்து எழுத வேண்டும் என்று சொன்னபோது, அவள் ஓவர்டைம் எடுத்துக்கொண்டாள்.

ஒருமுறை கேட்டாள். “ஒரு பக்கம் படிச்சுக் காட்டுங்களேன்.”

“உனக்குப் புரியாது” என்றேன்.

“சரி லா” என்றாள்.

மாதம் ஒருமுறை, ஞாயிறு பிற்பகலில், ஒரு கடைவீட்டின் மேல்மாடியில் வாசகர்களும் எழுதுகிறவர்களும் கூடுவோம். இருபது பேர் வந்தால் அதிகம். ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் ஒருவர்தான் தலைவர். நான் எப்போதும் கடைசி வரிசையில், மின்விசிறிக்குக் கீழே உட்கார்ந்திருப்பேன். எட்டு வருடத்தில் வாயைத் திறந்ததில்லை. ஒரு கூட்டத்தில் தலைவர் திடீரென்று என்னைக் கை காட்டினார்.

“ஐயா, நீங்க இத்தனை வருஷமா வர்றீங்க. நீங்களும் ஏதாவது எழுதுறீங்களா?”

எழுந்து நின்றேன். “ஒரு நாவல்” என்றேன்.

“ஓ! நாவலா? முடிச்சிட்டீங்களா?”

எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். காலி நாற்காலி பேசியது போன்ற ஆச்சரியம் அவர்கள் முகத்தில். அந்த முகங்களுக்கு இல்லை என்று சொல்ல முடியவில்லை. “முடியும் தறுவாயில்” என்றேன்.

“எத்தனை பக்கம்?”

“நானூற்றுப் பதினாறு.”

அந்த எண் எங்கிருந்து வந்தது என்று எனக்குத் தெரியும். அச்சகத்தில் பதினாறு பக்கம் ஒரு பாரம். பெரிய நாவல் என்றால் இருபத்தாறு பாரம் இருக்கும் என்று நானே ஒரு கணக்கு வைத்திருந்தேன். அன்று என் கையில் எழுதி முடித்திருந்தது இரண்டே இரண்டு பாரம்.

தலைவர் கை தட்டினார். எல்லாரும் தட்டினார்கள். அடுத்த ஆண்டு நடுவில் நூல் வெளியீட்டை நம் சங்கமே எடுத்து நடத்தும் என்று அங்கேயே அறிவித்தார். வெளியீட்டுக்கு ஒரு தேதி விழுந்துவிட்டால் எங்கள் ஊரில் அதற்குப் பிறகு யாரும் நாவலைப் பற்றிக் கேட்பதில்லை. முதல் பிரதியை யார் வாங்குவது, மாலை யார் போடுவது, சாப்பாடு எந்தக் கடையில் என்றுதான் பேச்சு போகும். அன்றும் அப்படித்தான் போனது. நான் தேநீரைக் கையில் வைத்துக்கொண்டு சிரித்துக்கொண்டே நின்றேன்.

வீட்டுக்கு வந்து மனைவியிடம் சொன்னேன். அன்று இரவுச் சோற்றுக்கு இறால் வாங்கி வந்தாள்.

அடுத்த தப்பு என்னுடைய முதலாளியின் நல்ல மனதால் வந்தது. அவர் நாகூர்ப் பக்கத்திலிருந்து வந்த குடும்பம். கோபக்காரர், ஆனால் கை தாராளம். ஒரு வேலைக்குப் பிளேட் என்னும் அச்சுத் தகடு போடும்போது பாதி இடம் காலியாக நின்றது. என்னைக் கூப்பிட்டார்.

“என்னப்பா எழுத்தாளரே, பிளேட்ல இடம் சும்மா கெடக்கு. உன் அட்டையையும் சேர்த்து அடிச்சிடுவோம். இதுக்குன்னு தனியா பண்ணினா வீண் செலவு லா. எத்தன பக்கம்?”

நூலின் முதுகு அகலம் பக்கத்தின் எண்ணிக்கையைப் பொறுத்தது. பக்கம் தெரியாமல் அட்டை அடிக்க முடியாது. இது எனக்குத் தெரியாததல்ல. இருபது வருடத்துக்கு மேலாக அந்த முதுகுகளை மடித்துத் தட்டிய கை இது. நாவல் முடிந்தபின் அடிக்கலாம் முதலாளி என்று ஒரு வாக்கியம் போதும். ஆனால் சங்கத்தில் ஒரு எண்ணும் அச்சகத்தில் ஒரு எண்ணும் எப்படிச் சொல்வது?

“நானூத்திப் பதினாறு” என்றேன்.

அவர் விரல்விட்டுக் கணக்குப் போட்டார். “இந்தப் பேப்பருக்கு இருபத்திரண்டு மில்லி. நல்ல கனமான புக்கு லா! என்னா இவ்ளோ எழுதி வச்சிருக்க?”

சாயங்காலம் ஐந்நூறு அட்டைகள் காய்ந்துகொண்டிருந்தன. ஐந்நூறு தடவை நான் மோவாயில் பேனாவை ஊன்றியிருந்தேன்.

அதன்பின் ஏழெட்டு மாதம் நான் எழுதியது நாவல் அல்ல. ஒரு முதுகை நிரப்ப முயன்றேன், அவ்வளவுதான். மத்தியானம் வீட்டுக்கு வந்து, கதவைச் சாத்தி, மேசையில் உட்கார்வேன். பேராசிரியர் ஜன்னல் ஓரம் நின்றிருப்பார். அவரை நகர்த்த எனக்குத் தெரியவில்லை. அவர் வெளியே போனால் தெரு வரும். அந்தத் தெருவில் என்ன கடை இருக்கும், பஸ் எப்படி நிற்கும், மக்கள் காலையில் ஒருவரை ஒருவர் என்ன சொல்லிக் கூப்பிடுவார்கள், எதுவும் எனக்குத் தெரியாது. பேசினால் இன்னொரு ஆள் வேண்டும். அந்த ஆளுக்குப் பேராசிரியரைவிட அதிகம் தெரிந்திருக்கக் கூடாது, குறைவாகத் தெரிந்தால் பேராசிரியர் அவனிடம் பேச மாட்டார். அதனால் அவர் யோசித்துக்கொண்டே நின்றார். அகராதியைப் பிரித்து வைத்துக்கொண்டு அவருக்காக நான் சொற்களைத் தேடினேன். ஒரு நாளைக்கு எட்டு வரி. சில நாள் எட்டு வரியையும் அடித்துவிடுவேன்.

எழுத்தைப் பெரிதாகப் போட்டால், வரிக்கு வரி இடைவெளி விட்டால், ஒவ்வொரு அத்தியாயத்துக்கும் முன்னால் ஒரு வெற்றுப் பக்கம் விட்டால் எவ்வளவு வரும் என்றெல்லாம் கணக்குப் பார்த்தேன். என்ன செய்தாலும் பத்து மில்லிமீட்டரைத் தாண்டவில்லை. அட்டை அதைச் சுற்றித் தொளதொளவென்று நிற்கும்.

வெளியீட்டுக்கு ஏழு வாரம் இருந்தபோது என்னிடம் ஏழு பாரம் இருந்தது. நூற்றுப் பன்னிரண்டு பக்கம். இருபத்தாறில் ஏழு. கடைசித் திருத்தம் நடக்கிறது என்று எல்லாரிடமும் சொல்லியிருந்தேன்.

“பேப்பர் வாங்கறதுக்கு முந்தி ஒரு டம்மி போட்டுப் பாத்துரு” என்றார் முதலாளி. “முதுகு சரியா உட்காருதான்னு தெரியணும்.”

டம்மி என்பது அளவு பார்ப்பதற்காகக் கட்டும் வெறும் புத்தகம். புதுத்தாளை யாரும் அதற்கு வீணாக்க மாட்டார்கள். அதே அளவில், அதே காகிதத்தில், கழித்துப்போட்ட தாள்களை எடுத்துத் தேவையான கனத்துக்கு அடுக்கி ஒட்டுவோம். நானும் அப்படித்தான் செய்தேன். ஒரு நினைவு மலரின் தாள்கள், ஒரு கோயிலின் ஆண்டறிக்கை, ஒரு பள்ளியின் விளையாட்டு விழா மலர். இருநூற்றெட்டுத் தாள். பசை தடவி, அட்டையைப் போட்டு, மூன்று பக்கமும் வெட்டினேன்.

முதுகு மிகச் சரியாக உட்கார்ந்தது. கையில் எடுத்தால் பாரமாக, மூலை கூர்மையாக, ஒரு நாவல். அதை நான் மேசையில் நிறுத்தி வைத்துப் பார்த்தேன். தூரத்திலிருந்தும் பார்த்தேன். பிறகு துணிப்பையில் போட்டு வீட்டுக்குக் கொண்டுவந்தேன். அச்சகத்திலேயே வைத்துவிட்டு வந்திருக்கலாம். ஒருநாள் மட்டும் அது என் வீட்டு மேசையில் இருக்கட்டும் என்று ஆசைப்பட்டேன்.

நான் குளித்துவிட்டு வரும்போது மனைவி வேலையிலிருந்து வந்திருந்தாள். தொழிற்சாலைச் சட்டையோடு நின்று அதைக் கையில் வைத்திருந்தாள். பக்கங்களைப் புரட்டிக்கொண்டிருந்தாள்.

“அம்மாடி! எவ்ளோ எழுத்து” என்றாள். பிறகு என்னைப் பார்த்தாள். “முடிச்சிட்டீங்களா?”

நான் ஆமாம் என்று சொல்லவில்லை. இதை எத்தனையோ தடவை எனக்கு நானே சொல்லிக்கொண்டிருக்கிறேன். ஆமாம் என்று சொல்லவில்லை. ஆனால் இல்லை என்றும் சொல்லவில்லை. துண்டால் தலையைத் துவட்டிக்கொண்டு நின்றேன்.

அவள் அதை மாதா படத்துக்கு முன்னால் வைத்து மெழுகுவத்தி ஏற்றினாள். இரண்டு நிமிடம் கண்ணை மூடி நின்றாள். அது ஒரு டம்மி என்று சொல்ல அந்த இரண்டு நிமிடம் போதும். மெழுகுவத்தி எரிவதைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

காலையில் நான் எழுந்தபோது புத்தகம் மாதாவின் முன்னால் இல்லை. அவள் தன் சாப்பாட்டுப் பையில் வைத்துத் தொழிற்சாலைக்குக் கொண்டுபோயிருந்தாள்.

அன்று அச்சகத்தில் எனக்கு வேலை ஓடவில்லை. எந்திரத்தின் கத்திக்குப் பக்கத்தில் கவனம் தப்பக் கூடாது என்று இரண்டு தடவை நிறுத்திவிட்டு உட்கார்ந்தேன். அவளுக்குப் போன் செய்யலாம். வேலை நேரத்தில் போனைப் பெட்டியில் போட்டுப் பூட்டிவிடுவார்கள். யாரும் வாசிக்க மாட்டார்கள், அட்டையைத்தான் பார்ப்பார்கள் என்று சொல்லிக்கொண்டேன்.

இரவு எட்டு மணிக்கு வீட்டுக்கு வந்தாள். செருப்பைக் கழற்றிவிட்டு நாற்காலியில் உட்கார்ந்தாள். பையிலிருந்து டம்மியை எடுத்து மேசையில் வைத்தாள். மெதுவாகத்தான் வைத்தாள்.

“எங்க லைன் லீடர் அக்காவுக்குத் தமிழ் படிக்கத் தெரியும்” என்றாள். “ரெஸ்ட் டைம்ல எல்லாரும் ஒண்ணா உட்காந்தோம். அக்கா சத்தமா படிச்சிச்சு.”

நான் சுவரில் சாய்ந்து நின்றேன்.

“ஒரு லோரி ஓட்டுறவரு. காலைல வேலைக்குப் போவாரு. அவரு மக வாசல்ல நின்னு கையாட்டும். அவரு பின்னாடி பாக்குற கண்ணாடியில அதைப் பாத்துக்கிட்டே போவாராம். தெருமுனை திரும்புற வரைக்கும் நான் கையைக் கீழே போட மாட்டேன்னு அந்தப் பொண்ணு சொல்லுது. அப்புறம் அவரு செத்துப் போயிட்டாரு. இப்பவும் லோரி சத்தம் கேட்டா என் கை தானா மேல போகுதுன்னு சொல்லுது.” நிறுத்தினாள். “எல்லாரும் அழுதுட்டாங்க. எனக்கும் அழுகை வந்துருச்சு. எங்க வீட்டுக்காரர் இப்படியெல்லாம் எழுதுவாரான்னு நெனச்சேன்.”

“அதுக்கப்புறம்?” என்றேன். கேட்காமல் இருந்திருக்கலாம்.

“அதுக்கப்புறம் அடுத்த பக்கத்துல கோயில் கக்கூஸ் ரிப்பேர். அன்னதானம். யாரு எத்தன மூட்டை அரிசி குடுத்தாங்கன்னு. கதைதான் போகுதுன்னு நெனச்சு நாங்களும் கேட்டுக்கிட்டு இருக்கோம். ஒருத்தி கேக்குறா, ‘அந்த லோரிக்காரர் உயிரோட இருக்கும்போது கோயிலுக்குக் குடுத்ததாக்கா?’ன்னு. அக்கா படிச்சுக்கிட்டே போயி டப்புன்னு நிறுத்திச்சு. ‘ஏய், இதுல எங்க வீட்டுக்காரர் பேரு இருக்கு லா. இது எங்க கோயில் ரிப்போர்ட்டு’ன்னு சொல்லிச்சு.”

அவள் சாப்பாட்டுப் பையை மடித்து மேசை ஓரமாக வைத்தாள்.

“எல்லாரும் சிரிச்சாங்க. ‘உன் வீட்டுக்காரர் பெரிய ஆளு லா, யார் யாரோ எழுதினதையெல்லாம் சேத்து புக்கு போட்டுட்டாரு’ன்னாங்க. நானும் சிரிச்சேன். அவங்களோட சேந்து நானும்தான் சிரிச்சேன். வேற என்னா பண்ணச் சொல்றீங்க?”

நான் டம்மி என்றால் என்ன என்று சொல்ல ஆரம்பித்தேன். முதுகு, கழிவுத்தாள், கனம். அவள் கையை உயர்த்தினாள்.

“நெசமா எவ்ளோ எழுதியிருக்கீங்க?”

“ஏழு பாரம்.”

“அது எனக்குத் தெரியாது. எவ்ளோ?”

“நூத்திப் பன்னெண்டு பக்கம்.”

“எடுத்துட்டு வாங்க. படிங்க.”

பதினொரு வருடத்தில் முதல் தடவையாக அவளுக்கு வாசித்தேன். அவள் சட்டையை மாற்றவில்லை, முகம் கழுவவில்லை. இரண்டு காலையும் ஒரு முக்காலியில் தூக்கி வைத்துக்கொண்டாள். சாயங்காலத்தில் அவள் கணுக்கால்கள் வீங்கியிருக்கும்.

“‘சாளரத்திற்கு அப்பால் ஹிமத்தின் நிசப்தம் பிரபஞ்சத்தின் அர்த்தமின்மையை அவருள் பிரதிபலித்தவண்ணம் பிரவகித்துக்கொண்டிருந்தது.’”

“ஹிமம்னா?”

“பனி.”

“பனின்னு எழுதினா என்னா?”

தொடர்ந்து வாசித்தேன். என் குரலிலேயே கேட்டபோதுதான் தெரிந்தது, இந்த வாக்கியங்களை நான் இதுவரை வாயால் சொன்னதே இல்லை. சில சொற்களுக்கு நாக்கு புரளவில்லை. சில இடங்களில் எழுவாயைத் தேடினேன். பத்துப் பன்னிரண்டு பக்கம் போனபின் அவள் மெதுவாகக் கேட்டாள்.

“இவரு இன்னும் ஜன்னல்லதான் நிக்கிறாரா?”

“ஆமா.”

“கால் வலிக்காது?”

கேலி என்று நினைத்து நிமிர்ந்து பார்த்தேன். இல்லை. உண்மையாகத்தான் கேட்டாள். “எங்களுக்குப் பன்னெண்டு மணி நேரம். நடுவுல ரெஸ்ட் டைம் உண்டு. இவருக்கு அதுகூட இல்லியா?”

“அவர் யோசிக்கிறாரு.”

“சாப்பிட்டாரா?”

“அதெல்லாம் நாவல்ல வராது.”

“ஏன் வராது?”

இன்னும் இரண்டு பக்கம் வாசித்தேன். பிறகு தாள்களை மடியில் வைத்துவிட்டேன். அவள் நிறுத்தச் சொல்லவில்லை. என்னால்தான் முடியவில்லை.

“அந்த லோரிக்காரர் கதை” என்றாள். “அது நீங்க எழுதினது இல்லதானே?”

அவள் கேட்ட விதத்தில் ஒரு இடம் விட்டிருந்தாள். ஆமாம், அது மட்டும் நான் எழுதியது, ஒரு வீட்டுக்காக எழுதிக் கொடுத்தேன் என்று சொல்லியிருந்தால் நம்பியிருப்பாள். நம்ப விரும்பினாள்.

“இல்ல” என்றேன். “செத்துப்போனவரோட மக எழுதினது.”

அந்தப் பெண் அச்சகத்துக்கு வந்தது எனக்கு ஞாபகம் இருந்தது. பள்ளிக்கூட நோட்டிலிருந்து கிழித்த தாளில் எழுதிக் கொண்டுவந்திருந்தாள். தப்பு இருந்தால் திருத்திப் போடுங்கள் அண்ணே என்றாள். அதெல்லாம் இலக்கியமில்லை என்று நான் அதைப் பார்க்கவே இல்லை. நானூறு பிரதிகளையும் என் கையால்தான் வெட்டினேன். ஒரு வரிகூட வாசிக்கவில்லை.

மனைவி எழுந்து அடுக்களைக்குப் போனாள். அரிசி களையும் சத்தம் கேட்டது. அவள் அழுதாளா என்று எனக்குத் தெரியாது. போய்ப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை.

அடுத்த ஞாயிறு சங்கக் கூட்டத்தில் எழுந்து நின்றேன். யாரும் கேட்காமல் நானே எழுந்து நின்றது அதுதான் முதல் தடவை. நாவல் முடியவில்லை, நானூற்றுப் பதினாறு பக்கம் என்று சொன்னது பொய், மன்னிக்க வேண்டும் என்று சொன்னேன். இதைச் சொல்ல ஒரு நிமிடம்கூட ஆகவில்லை.

தலைவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். “பெரிய படைப்புன்னா நாளாகும், ஐயா. அதுல ஒண்ணுமில்ல. உட்காருங்க” என்றார். முன்வரிசையிலிருந்த ஒருவர், மண்டபத்துக்கு முன்பணம் கொடுத்தாயிற்றே என்றார். இன்னொருவர், தன்னுடைய கட்டுரைத் தொகுப்பு தயாராக இருக்கிறது என்றார். அதே தேதி, அதே மண்டபம், அதே சாப்பாட்டுக் கடை. ஐந்து நிமிடத்தில் எல்லாம் முடிவாயிற்று. தேநீர் வந்தபோது பக்கத்தில் இருந்தவர் என் சட்டையைப் பிடித்து இழுத்தார். அப்போதுதான் தெரிந்தது, நான் இன்னும் நின்றுகொண்டிருக்கிறேன் என்று.

அந்தக் கட்டுரைத் தொகுப்பை எங்கள் அச்சகத்தில்தான் அடித்தார்கள். முதுகு ஒன்பது மில்லிமீட்டர். நான்தான் வெட்டினேன். வெளியீட்டுக்குப் போகவில்லை. வெளியீட்டுக்கென்று என் மனைவி எடுத்து வைத்திருந்த நீலப் புடவையைக் கிறிஸ்துமஸ் பூசைக்குக் கட்டிக்கொண்டாள். நல்லாருக்கு என்றேன். “ம்” என்றாள்.

முதலாளி பல மாதம் ஒன்றும் கேட்கவில்லை. பிறகு ஒருநாள், என்னைப் பார்க்காமல், எந்திரத்தைத் துடைத்துக்கொண்டே சொன்னார். “அந்த அட்டைய வீட்டுல வச்சு என்னாப்பா பண்ணப் போற? கரையான்தான் திங்கும். கொண்டா. ரசீது புக்குக்குப் பின்னட்டை ஆகும் லா. உள்பக்கம் வெள்ளைதானே.”

கொண்டுபோனேன். ஐம்பது ஐம்பதாக அடுக்கி வெட்டினேன். ஒரு அட்டையிலிருந்து நான்கு துண்டு வரும். முதல் வெட்டில் நகரம் பிரிந்தது. இரண்டாவதில் என் மூக்குக்குக் கீழே கத்தி இறங்கியது. முதுகு மட்டும் எதற்கும் உதவாத அகலம். இருபத்திரண்டு மில்லிமீட்டர் கீற்றுகளாகக் குப்பைக் கூடையில் விழுந்தது. கொஞ்ச நாள் கழித்துப் பாசாரில் ஒரு கோழிக்கடையில், கடைக்காரர் ரசீது எழுதும்போது புத்தகத்தின் பின்னால் என் மோவாயையும் பேனாவையும் பார்த்தேன். அவர் என்னைப் பார்த்தார், ரசீதைக் கிழித்துக் கொடுத்தார். அவருக்கு ஒன்றும் தெரியவில்லை. தாடியை நான் எடுத்துவிட்டிருந்தேன்.

இப்போது நான் முழுநாள் வேலைக்குப் போகிறேன். மனைவிக்கு ஓவர்டைம் வேண்டாம் என்று சொன்னேன். வீட்டில் சும்மா இருந்து என்ன செய்வது என்று அவள் தொடர்ந்து எடுக்கிறாள். காலையில் தொழிற்சாலை பஸ் நிற்கும் இடம்வரை அவளோடு நடந்து போகிறேன். முன்பு போனதில்லை. போன மாதம் ஒருநாள், பஸ்ஸுக்குக் காத்திருந்த பெண்களில் ஒருத்தி என்னைப் பார்த்துவிட்டு அவளிடம் கேட்டாள்.

“என்னாக்கா, அண்ணனோட புக்கு எப்ப வரும்? லோரிக்காரர் பார்ட் டூ வருமா?”

மற்றவர்கள் சிரித்தார்கள். நான் சாலையோர வாய்க்காலைப் பார்த்தேன்.

“அவருக்கு எங்க லா நேரம்?” என்றாள் என் மனைவி. “காலைல போனா சாயங்காலம் வர்றாரு. பாதி எழுதி வச்சிருக்காரு. நான் கேட்டேன். பனி கொட்டுற ஊரு. ஒரு வாத்தியாரு. நல்லாத்தான் இருக்கு.”

பஸ் வந்தது. அவள் திரும்பிப் பார்க்காமல் ஏறிப் போனாள். அவளை அப்படிப் பொய் சொல்ல வைத்தவன் நான். அதைவிட, அந்தப் பொய்யைத் தொழிற்சாலை வாசல்வரை அவள் தனியாகச் சுமந்துபோவாள் என்பதும் எனக்குத் தெரிந்தது.

அந்த ஞாயிற்றுக்கிழமை, ஒரு வருடத்துக்குப் பிறகு, தாள்களை எடுத்து வைத்தேன். நூற்றுப் பன்னிரண்டாம் பக்கம். பேராசிரியர் ஜன்னல் ஓரம் நின்றிருந்தார். வெளியே ஹிமம் என்று இருந்ததை அடித்துப் பனி என்று எழுதினேன். பிறகு, அவர் ஜன்னலை விட்டுத் திரும்பினார் என்று எழுதினேன். பசித்தது என்று எழுதினேன். அவரை அடுக்களைக்கு நடத்திக்கொண்டு போனேன்.

அடுக்களை வாசலிலேயே அவரை நிறுத்த வேண்டியதாயிற்று. அந்த ஊரில் ஒரு மனிதன் தனியாக இருந்தால் அடுக்களையில் என்ன வைத்திருப்பான் என்று எனக்குத் தெரியவில்லை. மனைவி பாசாருக்குப் போய்விட்டு வரும்வரை யோசித்தேன். பிறகு தாள்களைக் கட்டி வைத்துவிட்டு, அவள் கையிலிருந்த பையை வாங்கிக்கொண்டேன்.